நான்கு ஜூன் ஒன்றுகள்

  இது கொஞ்சம் நீளமான பதிவு. அவசரமில்லாத நேரத்தில் உட்கார்ந்து படியுங்கள்.

போன வாரம் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம் சுற்றி வந்தது. ஆசிரியர்கள் சம்பளம் கேட்டு ரோட்டில் உட்கார்ந்திருக்கும் படம். அதன் கீழே என் சித்தப்பா மகன், "கவர்ன்மென்ட் டீச்சருக்கு என்ன குறைச்சல்? கை நிறைய சம்பளம், மே மாசம் லீவு. கோர்ட்டுக்குப் போக வேண்டியதுதானே, எதுக்கு ரோட்டுல உட்காரணும்?" என்று எழுதியிருந்தான். அவன் மேல் எனக்குக் கோபம் இல்லை. வெளியிலிருந்து பார்த்தால் அப்படித்தான் தெரியும். ஆனால் ஒரே பள்ளியில், ஒரே பயிற்சி முடித்து, ஒரே பாடப் புத்தகத்தை நடத்தும் இரண்டு ஆசிரியர்கள் வேறு வேறு சம்பளம் வாங்குகிறார்கள் என்பது பல பேருக்குத் தெரியாது. கோர்ட்டுக்குப் போனால் என்ன நடக்கும் என்பதும் தெரியாது. இரண்டையும் சொல்ல வாட்ஸ்அப்பில் நாலு வரி போதாது. அதனால்தான் இங்கே எழுதுகிறேன்.

உங்களில் சிலர் என்னைப் போலவே ஆசிரியர் பயிற்சிப் பட்டயம் முடித்து இடைநிலை ஆசிரியராகியிருக்கிறீர்கள். உங்கள் கதைதான் இது. மற்றவர்களுக்காக ஒரு விளக்கம். ஒன்றாம் வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்பு வரை அ, ஆ சொல்லிக் கொடுத்து, கூட்டல் கழித்தல் போட வைப்பவர்தான் இடைநிலை ஆசிரியர். ஆங்கிலத்தில் செகண்டரி கிரேடு என்பார்கள். என் காலத்தில் பள்ளி இறுதி வகுப்பு முடித்து இரண்டு வருடம் பயிற்சிப் பள்ளியில் படிக்க வேண்டும். பிறகு பிளஸ் டூ முடித்து இரண்டு வருடம் என்று மாறியது.

ஜூன் ஒன்று என்றால் பிள்ளைகளுக்குப் பள்ளி திறக்கும் நாள் என்று ஒரு காலத்தில் இருந்தது. அரசுப் பள்ளி ஆசிரியர்களுக்கு அந்தத் தேதி வேறு விதத்திலும் முக்கியம். எங்கள் பிழைப்பை மாற்றிய நான்கு அரசாணைகள் ஜூன் ஒன்றாம் தேதியில் வந்து நிற்கின்றன. 1981, 1988, 2006, 2009. முதல் மூன்றும் கொடுத்தவை. நான்காவது பிரித்தது. வரிசையாகச் சொல்கிறேன்.

முதல் ஜூன் ஒன்று, 1981.

கிராமத்துத் தொடக்கப் பள்ளிகள் பெரும்பாலும் ஊராட்சி ஒன்றியப் பள்ளிகள். 1958ஆம் வருடத்து ஊராட்சிச் சட்டத்தின்படி ஒன்றியங்கள் அமைந்தபோது அந்தப் பள்ளிகளும் அவற்றின் ஆசிரியர்களும் ஒன்றியத்தின் கீழ் வந்தார்கள். ஆசிரியருக்கு எஜமான் ஒன்றியம். பெருந்தலைவருக்கு வேண்டாதவராகிவிட்டால் பஸ் போகாத ஊருக்கு மாறுதல் வரும் என்று எனக்கு முன்னால் பணியில் இருந்த மூத்த ஆசிரியர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். எம்.ஜி.ஆர். முதலமைச்சராக இருந்தபோது, 1.6.1981 முதல் ஊராட்சி ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் அரசு ஊழியர்கள் ஆனார்கள். பள்ளியின் பெயர் மாறவில்லை, கூரையும் மாறவில்லை. ஆனால் ஆசிரியரின் நிலை மாறியது. அரசு ஊழியர் என்றால் அரசியலமைப்புச் சட்டத்தின் 311ஆவது பிரிவு பொருந்தும். குற்றச்சாட்டு என்ன என்று சொல்லி, விளக்கம் கேட்டு, விசாரணை நடத்தாமல் வேலையை விட்டு நீக்கக் கூடாது என்பது அந்தப் பிரிவு. விதிவிலக்குகள் உண்டு, ஆனாலும் பெரிய பாதுகாப்பு.

நான் 80களின் நடுவில், வேலைவாய்ப்பு அலுவலகப் பதிவு மூப்புப்படி நியமனம் பெற்று வேலைக்கு வந்தபோது அந்தப் பாதுகாப்பு தயாராக இருந்தது. அதற்காக உழைத்தவர்கள் எனக்கு முந்தைய தலைமுறை.

இரண்டாவது ஜூன் ஒன்று, 1988.

அந்த வருடம் தமிழ்நாட்டில் தேர்ந்தெடுத்த அரசு இல்லை. ஜனவரி கடைசியிலிருந்து குடியரசுத் தலைவர் ஆட்சி. மத்திய அரசு ஊழியருக்கு இணையான சம்பளம் வேண்டும் என்று ஆசிரியர்களும் அரசு ஊழியர்களும் சேர்ந்து பெரிய போராட்டம் நடத்தினார்கள். ஜாக்டோ-ஜியோ என்று இன்றும் செய்தியில் கேட்கிறீர்களே, அந்தக் கூட்டமைப்புதான். பலர் சிறைக்குப் போனார்கள். அடுத்த வருடம் கலைஞர் ஆட்சி வந்த பிறகு, 1989 ஜூனில் ஊதிய ஆணை வந்தது. 1.6.1988 முதல் கணக்கு.

அந்த ஆணையில் இடைநிலை ஆசிரியருக்கு 1,200-2,040 என்ற சம்பள விகிதம் கிடைத்தது. மத்திய அரசுப் பள்ளிகளில் தொடக்க வகுப்பு எடுப்பவருக்கும் அன்றைக்கு அதே 1,200-2,040தான். டெல்லியில் கேந்திரிய வித்யாலயாவில் மூன்றாம் வகுப்பு எடுப்பவரும், பூந்தமல்லி பக்கத்தில் ஒன்றியப் பள்ளியில் மூன்றாம் வகுப்பு எடுப்பவரும் விகிதத்தில் சமம். அடுத்த ஊதியக் குழுவிலும், 1996 முதல், இரண்டு பேருக்கும் 4,500-7,000. இந்த 4,500 என்ற எண்ணை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும்.

அடுத்த ஜூன் ஒன்றுக்குப் போகும் முன் 2003ஆம் வருடத்தைச் சொல்ல வேண்டும். எங்களுக்கு அது இருண்ட வருடம்.

அந்த வருடத்தில் மூன்று விஷயங்கள் நடந்தன. ஒன்று, 1.4.2003 முதல் அரசுப் பணியில் சேருபவர்களுக்குப் பழைய ஓய்வூதியம் கிடையாது என்றானது. பதிலாகப் பங்களிப்பு ஓய்வூதியத் திட்டம். அடிப்படை ஊதியத்திலும் அகவிலைப்படியிலும் 10 சதவீதம் மாதாமாதம் பிடிப்பார்கள், அரசும் அதே அளவு போடும்.

இரண்டு, ஓய்வூதியப் பலன்களைக் குறைத்ததை எதிர்த்து ஜூலை 2ஆம் தேதி தொடங்கிய வேலைநிறுத்தம். டெஸ்மா சட்டத்தின் கீழ், ஓர் அவசரச் சட்டத்தையும் போட்டு, சுமார் 1.7 லட்சம் அரசு ஊழியர்களையும் ஆசிரியர்களையும் ஒரே வீச்சில் வேலையை விட்டு நீக்கினார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. மன்னிப்பும், இனி வேலைநிறுத்தம் செய்ய மாட்டேன் என்ற உறுதிமொழியும் எழுதிக் கொடுத்த பிறகு பெரும்பாலோரைத் திரும்ப எடுத்தார்கள். ஆகஸ்ட் 6ஆம் தேதி வந்த தீர்ப்பு டி.கே. ரங்கராஜன் வழக்கு என்று சட்டப் புத்தகங்களில் இருக்கிறது. அரசு ஊழியருக்கு வேலைநிறுத்தம் செய்ய அடிப்படை உரிமை இல்லை, சட்ட உரிமையும் இல்லை, தார்மீக உரிமையும் இல்லை என்றது நீதிமன்றம். 1981ல் கிடைத்த 311 என்ற குடை அந்த ஜூலை மாதத்தில் விரியவில்லை.

மூன்று, புதிதாக எடுத்த ஆசிரியர்களுக்குக் காலமுறை ஊதியம் இல்லாமல் தொகுப்பூதியம். இடைநிலை ஆசிரியருக்கு மாதம் 3,000 ரூபாய், பட்டதாரி ஆசிரியருக்கு 4,000, முதுகலை ஆசிரியருக்கு 4,500. அகவிலைப்படி இல்லை, ஆண்டு ஊதிய உயர்வு இல்லை. பதிவு மூப்பில் பல வருடம் காத்திருந்து முறைப்படி வந்தவர்களுக்கு இந்த நிலை. எங்கள் பள்ளிக்கு வந்த ஒரு தம்பி காலையும் மாலையும் வீட்டில் டியூஷன் எடுத்துத்தான் குடும்பத்தை ஓட்டினார். சம்பள நாளில் எங்களோடு கையெழுத்துப் போட வரும்போது கடைசியாகத்தான் வருவார்.

மூன்றாவது ஜூன் ஒன்று, 2006.

அந்த வருடம் ஏப்ரல் 10ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு உமாதேவி வழக்கில் தீர்ப்புச் சொன்னது. கர்நாடகத்து வழக்கு. முறையான தேர்வு இல்லாமல் தற்காலிகமாக வந்தவர்கள் எத்தனை வருடம் வேலை செய்தாலும் நிரந்தரம் கேட்க உரிமை இல்லை என்பது அதன் சாரம். நாடு முழுக்கத் தற்காலிகப் பணியில் இருந்தவர்களுக்கு அடி வயிற்றில் கலக்கம். நம் தொகுப்பூதிய ஆசிரியர்கள் அந்த வகை இல்லை. அவர்கள் காலியிடத்தில், முறையான வழியில் வந்தவர்கள். சம்பளம்தான் முறையில்லாதது. மே மாதம் ஆட்சி மாறியது. கலைஞர் அரசு 1.6.2006 முதல் அவர்களைக் காலமுறை ஊதியத்துக்குக் கொண்டுவந்தது.

மகிழ்ச்சிதான். ஆனால் அதற்கு முன்னால் வேலை பார்த்த இரண்டு, மூன்று வருடங்கள் பணிக்காலக் கணக்கில் சேருமா என்ற கேள்வி நின்றது. பலர் வழக்குப் போட்டார்கள். ஆசிரியர்கள் கோர்ட் படி ஏறும் வழக்கம் அதற்குப் பிறகு குறையவே இல்லை.

இப்போது நான்காவது ஜூன் ஒன்று. 2009.

மத்திய அரசின் ஆறாவது ஊதியக் குழு வந்தது. டெல்லியில் தொடக்க வகுப்பு ஆசிரியரை மேலே தூக்கி வைத்தார்கள். 9,300-34,800 என்ற ஊதியக் கட்டு, 4,200 தர ஊதியம். தமிழ்நாட்டில் 1.6.2009 தேதியிட்ட அரசாணை இடைநிலை ஆசிரியரை 5,200-20,200 கட்டில், 2,800 தர ஊதியத்தில் வைத்தது. 1988லிருந்து இருந்த சமநிலை அன்றோடு முடிந்தது. இது முதல் இழப்பு. இது எல்லா இடைநிலை ஆசிரியருக்கும் பொது.

இரண்டாவது இழப்பு ஒரு பகுதியினருக்கு மட்டும். இங்கேதான் கணக்கு வருகிறது. என் வகுப்பில் உட்கார்ந்த பிள்ளைகள் பென்சில் எடுத்துக்கொள்ளுங்கள்.

31.5.2009 வரை பணியில் சேர்ந்தவர் பழைய விகிதத்தில் குறைந்தது 4,500 வாங்கிக்கொண்டிருந்தார். அதை 1.86ஆல் பெருக்கிப் புதிய கட்டில் வைக்க வேண்டும் என்பது விதி. 4,500 × 1.86 = 8,370. தர ஊதியம் 2,800 சேர்த்தால் 11,170.

1.6.2009லும் அதற்குப் பிறகும் சேர்ந்தவருக்குப் பழைய விகிதமே இல்லை. பெருக்குவதற்கு எண் இல்லை. அதனால் கட்டின் அடிமட்டத்தில் வைத்தார்கள். 5,200 + 2,800 = 8,000.

வித்தியாசம் 3,170 ரூபாய். அடிப்படை ஊதியத்தில் மட்டும். அகவிலைப்படி அதன் மேல்.

2006ல் காலமுறைக்கு வந்தார்களே தொகுப்பூதிய ஆசிரியர்கள், அவர்கள் அந்த 4,500ல் ஏறிவிட்டதால் தப்பித்தார்கள். மூன்று வருடம் கழித்து வந்தவர்கள் மாட்டிக்கொண்டார்கள். மே 31ஆம் தேதி சேர்ந்தவருக்கும் ஜூன் 1ஆம் தேதி சேர்ந்தவருக்கும் இடையில் ஓர் இரவுதான். படிப்பு ஒன்று, வேலை ஒன்று, பிள்ளைகள் ஒன்று.

இது தவிர்க்க முடியாத சிக்கல் என்று சொல்வார்கள். மத்திய அரசின் விதியைப் பார்த்தால் அப்படித் தெரியவில்லை. அவர்கள் இந்த ஆபத்தை முன்பே யோசித்து, நேரடியாகப் புதிதாகச் சேருபவர்களுக்கென்று தனி அட்டவணை போட்டார்கள். 2,800 தர ஊதியப் பணிக்குப் புதிதாக வருபவருக்குக் கட்டில் 5,200 இல்லை, 8,560. தர ஊதியம் சேர்த்து 11,360. 4,200 தர ஊதியத்தில் வருபவருக்கு 13,500. அந்த மாதிரி ஓர் அட்டவணை நம் ஆணையிலும் இருந்திருந்தால் இந்தப் பிரச்சினையே பிறந்திருக்காது.

2011ல் இடைநிலை ஆசிரியர்களுக்கு 750 ரூபாய் தனி ஊதியம் கொடுத்தார்கள். தர ஊதியம் 2,800ஐ விட்டு நகரவில்லை. பிறகு அடுத்த ஊதியக் குழு வந்தது. அடிப்படை ஊதியத்தை 2.57ஆல் பெருக்கினார்கள். சம்பளம் பெருகினால் வித்தியாசமும் பெருகும் அல்லவா? 3,170 × 2.57 என்று போட்டுப் பாருங்கள். 8,146 ரூபாய் 90 காசு. 3,170ஆகப் பிறந்த பள்ளம் எட்டாயிரத்தைத் தாண்டியது. ஒவ்வோர் ஊதியக் குழுவும் இந்தப் பள்ளத்தைத் தானாகவே ஆழப்படுத்தும். பாதிக்கப்பட்டவர்கள் சுமார் 20,000 பேர்.

என் பக்கத்து வகுப்பறையில் அப்படி ஒருவர் இருந்தார். 2009க்குப் பிறகு வந்த பெண். மே மாத வெயிலில் வீடு வீடாகப் போய்ப் பிள்ளை சேர்க்க என்னோடு நடந்தவர். செயல்வழிக் கற்றல் அட்டையை என்னைவிட நன்றாக வகைப்படுத்துவார். ஒரு நாள் சம்பளப் பட்டியலைப் பார்த்துவிட்டு, "டீச்சர், நான் உங்களைவிடச் சின்னவ, உங்களுக்கு அதிகம் வர்றது நியாயம்தான். ஆனா எனக்கு ஒரு வருஷம் முன்னாடி வந்தவங்களுக்கு ஏன் இவ்வளவு அதிகம்?" என்று கேட்டார். சீனியாரிட்டிக்கு ஒரு இன்கிரிமென்ட் வித்தியாசம் இருக்கலாம், அது எங்கும் உண்டு. ஒரு வருட இடைவெளிக்கு இவ்வளவு பெரிய பள்ளம் எங்கும் இல்லை. என்னிடம் பதில் இல்லை.

ஒன்றையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். நான் எல்லாத் தேதிக்கும் இந்தப் பக்கம் நின்றவள். 1981க்குப் பிறகு வந்ததால் அரசு ஊழியர். 2003க்கு முன்னால் வந்ததால் ஓய்வூதியம். 2009க்கு முன்னால் வந்ததால் 1.86. இதற்கெல்லாம் என் திறமை காரணம் இல்லை. நான் பிறந்த வருடம்தான் காரணம்.

இனி என் சித்தப்பா மகனின் கேள்வி. கோர்ட்டுக்குப் போக வேண்டியதுதானே?

போனார்கள், போகிறார்கள். நீதிமன்றம் இதுவரை சொன்னது என்ன என்று பார்ப்போம். 1982ஆம் வருடம் உச்ச நீதிமன்றத்தில் இரண்டு நல்ல தீர்ப்புகள் வந்தன. ஒன்று ரந்தீர் சிங் வழக்கு. டெல்லி போலீசில் டிரைவராக இருந்த ஒரு காவலர், மற்றத் துறை டிரைவர்களுக்கு இணையான சம்பளம் கேட்டார். சம வேலைக்குச் சம ஊதியம் என்பது அரசியலமைப்பின் 39ஆவது பிரிவில் வழிகாட்டும் கொள்கையாக இருக்கிறது. சமத்துவம் பேசும் 14, 16ஆவது பிரிவுகளோடு சேர்த்துப் படித்தால் அதை நீதிமன்றத்தில் கேட்டு வாங்கலாம் என்றார்கள். இன்னொன்று, அதே வருடம் டிசம்பர் 17ஆம் தேதி வந்த நகாரா வழக்கு. 31.3.1979க்கு முன் ஓய்வு பெற்றவருக்கு ஒரு கணக்கு, பின் ஓய்வு பெற்றவருக்கு ஒரு கணக்கு என்று பிரித்ததைச் செல்லாது என்றார்கள். ஒரே இனத்தைச் சேர்ந்தவர்களை ஒரு தேதியை வைத்துக் காரணமில்லாமல் கூறு போடக் கூடாது என்பது அதன் சாரம்.

இவற்றைப் படித்தால் 2009 ஆசிரியர்கள் கண்ணை மூடிக்கொண்டு ஜெயிக்கலாம் போலத் தோன்றும். பிறகு வந்தவற்றையும் படிக்க வேண்டும். 2016 அக்டோபரில் பஞ்சாப் மாநிலத்து ஜக்ஜித் சிங் வழக்கில், நிரந்தர ஊழியரின் வேலையையே செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தச் சம்பள விகிதத்தின் குறைந்தபட்சத் தொகையாவது கொடுக்க வேண்டும் என்றார்கள். நல்ல தீர்ப்பு. ஆனால் நம்மவர்களுக்கு உதவாது. ஏனென்றால் இவர்கள் நிரந்தர ஊழியர்கள், குறைந்தபட்சத்தைத்தான் ஏற்கெனவே வாங்குகிறார்கள். அந்த 5,200தான் குறைந்தபட்சம். சிக்கலே அங்கேதான்.

அடுத்தது பீகார். அங்கே 2006க்குப் பிறகு உள்ளாட்சி அமைப்புகள் மூலம் எடுத்த ஆசிரியர்களை நியோஜித் ஆசிரியர் என்பார்கள். மூன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டோர். பழைய அரசு ஆசிரியரைவிட மிகக் குறைந்த சம்பளம். பாட்னா உயர் நீதிமன்றம் 2017ல் சம ஊதியம் கொடு என்றது. 10.5.2019 அன்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. பழைய ஆசிரியர் பணியிடங்கள் இனி நிரப்பப்படாமல் தேய்ந்து முடியப் போகிறவை, நியமன முறையும் வேறு, அரசின் நிதிச்சுமையையும் பார்க்க வேண்டும், பழையவரின் சம்பளத்தைக் காட்டிப் புதியவர் உரிமை கோர முடியாது என்பது அதன் போக்கு.

இந்த இரண்டு வகைத் தீர்ப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒரே வகுப்பினரைத் தேதியால் பிரிக்காதே என்கிறது ஒன்று. புதிதாக வருபவருக்குப் புதிய சம்பளம் வைக்க அரசுக்கு உரிமை உண்டு என்கிறது மற்றொன்று. 2009 ஆசிரியர்கள் இரண்டுக்கும் நடுவில் நிற்கிறார்கள். பீகார் போல இங்கே பழைய பணியிடம் வேறு, புதிய பணியிடம் வேறு இல்லை. பதவியின் பெயர் ஒன்று, விதி ஒன்று என்று வாதாடலாம். சேரும்போதே இந்தச் சம்பளம்தான் என்று தெரிந்துதானே சேர்ந்தாய் என்று எதிர்ப்பக்கம் கேட்கலாம். எது எடுபடும் என்று முன்கூட்டியே சொல்ல வக்கீலாலும் முடியாது.

தற்காலிக ஆசிரியர்கள் நிலைமை இதைவிட மோசம். 2012ல் ஓவியம், உடற்கல்வி, தொழிற்கல்விக்காகப் பகுதிநேர ஆசிரியர்கள் 16,549 பேரை எடுத்தார்கள். வாரத்தில் மூன்று அரை நாள் வேலை, மாதம் 5,000 ரூபாய். பிறகு கொஞ்சம் கொஞ்சமாக ஏற்றினார்கள். நிரந்தரம் என்று கேட்டுப் பல வருடம் ஓடிவிட்டது. அவர்களுக்குச் சொல்லிக்கொள்ள ஒரு ஜூன் ஒன்றே இல்லை.

தேதிகள் இன்னும் முடியவில்லை. இலவசக் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் 1.4.2010ல் நடைமுறைக்கு வந்தது. அதன் கீழ் 23.8.2010 அறிவிக்கையில் ஆசிரியர் தகுதித் தேர்வு, அதாவது டெட், கட்டாயமானது. முன்பே வேலையில் இருப்பவர்களும் எழுத வேண்டுமா என்ற வழக்கில் 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், 29.7.2011க்கு முன் நியமனம் பெற்றவர்கள் டெட் இல்லாமல் பணியில் தொடரலாம், பதவி உயர்வுக்கு மட்டும் டெட் வேண்டும் என்றது. அது மேல்முறையீட்டுக்குப் போனது. 1.9.2025 அன்று உச்ச நீதிமன்றம், ஓய்வு பெற ஐந்து வருடத்துக்கு மேல் இருப்பவர்கள் எல்லோரும் இரண்டு வருடத்துக்குள் டெட் தேர்ச்சி பெற வேண்டும், இல்லாவிட்டால் பணியில் தொடர முடியாது என்று தீர்ப்புச் சொன்னது. ஐந்து வருடத்துக்குள் ஓய்வு பெறுபவர்கள் எழுதாமல் தொடரலாம், பதவி உயர்வு மட்டும் கிடையாது. தமிழ்நாடு அரசும் சீராய்வு மனுப் போட்டது.

பரீட்சை வைப்பது அவமானம் என்று நான் சொல்ல மாட்டேன். ஆயுள் முழுக்கப் பிள்ளைகளுக்குப் பரீட்சை வைத்தவள் அப்படிச் சொல்லவும் கூடாது. ஆனால் இருபது வருடம் முன்னால், அன்றிருந்த எல்லாத் தகுதியோடும் அரசே கூப்பிட்டு வேலைக்கு வைத்தவரிடம், இன்றைக்கு வேலை போகும் என்ற பயத்தோடு எழுது என்பது வேறு. நாற்பத்தைந்து வயதில், பள்ளியில் எமிஸ் பதிவேற்றம் முடித்து, வீட்டில் சமையல் முடித்து, இரவு பத்து மணிக்கு உளவியல் புத்தகத்தைத் திறக்கும் என் மாணவிகளை நினைத்துக்கொள்கிறேன்.

ஓர் ஆறுதலும் சொல்ல வேண்டும். 2023 ஆகஸ்ட் 11ஆம் தேதி உச்ச நீதிமன்றம், தொடக்க வகுப்பு எடுக்க பி.எட். பட்டம் தகுதி ஆகாது, அதற்கென்று உள்ள பட்டயப் பயிற்சிதான் தகுதி என்றது. ஆறு வயதுப் பிள்ளைக்குச் சொல்லித் தருவது தனி வித்தை என்று சட்டமும் ஒத்துக்கொண்டது. பட்டயம்தானே என்று உதட்டைப் பிதுக்குபவர்களுக்கு இதைச் சொல்லுங்கள். அந்த வித்தைக்குச் சம்பளம் எவ்வளவு என்பதைத் தீர்ப்பு சொல்லவில்லை.

இனி மொத்தமாகப் பாருங்கள். 1981 தந்தது அரசாணை. 1988 தந்தது அரசாணை. 2006 தந்ததும் அரசாணை. எங்கள் நிலைமையை மாற்றிய மூன்று நல்ல ஜூன் ஒன்றுகளில் ஒன்றுகூட நீதிபதி எழுதியது கிடையாது. ஊழியர்கள் கேட்டு, அரசு யோசித்து, ஒரு கையெழுத்தில் நடந்தவை. கோர்ட் பல நேரம் அரசு போட்ட கோட்டை அளந்து பார்க்கும். சில நேரம் அழிக்கும், பல நேரம் இருக்கட்டும் என்று விட்டுவிடும். தம்பி, ஏன் ரோட்டில் உட்காருகிறார்கள் என்றாயே, இதுதான் காரணம். கோடு போட்ட கையால்தான் அதை அழிக்க முடியும் என்று அவர்களுக்கு அனுபவத்தில் தெரியும்.

நுங்கம்பாக்கம் கல்லூரிச் சாலையில் நாம் டிபிஐ என்று சொல்லும் கல்வித் துறை வளாகத்தில் 2018 டிசம்பரில் உண்ணாவிரதம் இருந்தார்கள். 2021 தேர்தலில் தி.மு.க. அறிக்கையில் இது வாக்குறுதியாக வந்தது. 2022 டிசம்பர் கடைசியில் மறுபடியும் உண்ணாவிரதம், பலர் மயங்கி விழுந்தார்கள். 2023 புத்தாண்டன்று மூவர் குழு அமைப்பதாக முதலமைச்சர் அறிவித்தார். அதை நம்பி எழுந்து போனார்கள். அதே வருடம் மறுபடியும் வந்து உட்கார்ந்தார்கள், கைதானார்கள். இரண்டு பெரிய கட்சிகளின் ஆட்சியையும் இந்தக் கணக்கு பார்த்துவிட்டது. 2009ல் ஆணை போட்டது ஒரு ஆட்சி, பத்து வருடம் மாற்றாமல் விட்டது இன்னொன்று. அதனால் இதைக் கட்சிச் சண்டையாக்கிக் கமென்டில் மோத வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

எனக்குத் தோன்றுவது இதுதான். 20,000 பேருக்குக் கொடுத்தால் செலவு உண்டு, இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் இந்தச் செலவு தள்ளிப் போடப் போடக் குறையாது. 3,170 எப்படி 8,146 ஆனது என்று மேலே பார்த்தோம். அடுத்த ஊதியக் குழுவின் பெருக்கல் எண் எதுவாக இருந்தாலும் அதே கதைதான். நிலுவைத் தொகை வேண்டாம், இனிமேலாவது சரி செய்யுங்கள் என்று சொல்லும் ஆசிரியர்களை நான் பார்த்திருக்கிறேன். முன்தேதியிட்டுக் கொடுக்க முடியாவிட்டால் வரும் தேதியிலிருந்தாவது கொடுக்கலாம். 1988ல் முடிந்தது, 2006ல் முடிந்தது. இப்போதும் முடியும்.

என் மாணவர்களில் ஆசிரியராக இருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். கமென்டில் உங்கள் பணி நியமனத் தேதியை மட்டும் எழுதுங்கள். சம்பளம் எழுத வேண்டாம், பள்ளியின் பெயரும் வேண்டாம். தேதி போதும். படிக்கிற நம் சொந்தக்காரர்களுக்கு அந்தத் தேதியைப் பார்த்தாலே மீதிக் கணக்கு புரியும்.

இரவு பத்து மணிக்கு டெட் புத்தகத்தோடு உட்காருகிறவர்கள், கணக்குப் பகுதியில் சந்தேகம் இருந்தால் ஞாயிற்றுக்கிழமை நூம்பல் வீட்டுக்கு வாருங்கள். வேலப்பன்சாவடியில் இறங்கிப் போன் செய்தால் வழி சொல்கிறேன். கரும்பலகை இன்னும் வைத்திருக்கிறேன்.



அன்புடன்,
உங்கள் டீச்சர்